பேட்டரி தீர்ந்தால் விளையாட்டும் போச்சு! பழைய ஆர்கேட் விளையாட்டுகளைக் காப்பாற்றுவது எப்படி?

'ஸ்ட்ரீட் ஃபைட்டர்' விளையாடியிருக்கீங்களா?

கைப்பேசியிலும் கணினியிலும் இப்போது எளிதாகக் கிடைக்கிறது. ஆனால் அது முதலில் ஓடிய ஆர்கேட் இயந்திரங்கள் ஒவ்வொன்றாகச் செயலிழந்து வருகின்றன. சில இயந்திரங்களுக்கு அந்த முடிவு உள்ளேயே வைக்கப்பட்டிருந்தது.

பேட்டரிக்கு என்ன வேலை?

ஜப்பானின் கேப்காம் நிறுவனம் 1993இல் 'சிபிஎஸ்-2' எனும் சர்க்யூட் போர்டை அறிமுகம் செய்தது. அதற்கு முந்திய போர்டில் ஓடிய 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2'க்கு ஏகப்பட்ட திருட்டு நகல்கள் வந்திருந்தன.

அதைத் தடுக்க, புதிய போர்டில் விளையாட்டின் நிரலைப் பூட்டி வைத்தார்கள். பூட்டைத் திறக்கும் ரகசியக் குறியீடு, பேட்டரியின் மின்சாரம் இருக்கும்வரைதான் நினைவகத்தில் இருக்கும்.

பேட்டரி தீர்ந்தால்? குறியீடு அழிந்துவிடும். மற்ற பாகங்கள் எல்லாம் நல்லா இருந்தாலும் விளையாட்டு தொடங்காது. ஆர்வலர்கள் இதற்கு வைத்த பெயர், 'தற்கொலை பேட்டரி'.

எப்படி மீட்டார்கள்?

- 1997: இத்தாலியரான நிக்கோலா சல்மோரியா 'மேம்' எமுலேட்டரை வெளியிட்டார். பழைய இயந்திரத்தின் சில்லுகள் செய்யும் வேலையைக் கணினியில் அப்படியே செய்துகாட்டும் மென்பொருள் இது.

- 2001: 'சிபிஎஸ்-2 ஷாக்' எனும் ஆர்வலர் குழு, பூட்டு திறந்த நிரலைப் போர்டிலிருந்தே வெளியே எடுத்தது.

- 2007: பூட்டு இயங்கும் முறையே கண்டுபிடிக்கப்பட்டது. அதில் சல்மோரியாவுக்கும் பங்குண்டு.

- 2016: செயலிழந்த போர்டில் குறியீட்டைத் திரும்ப எழுதும் வழி வெளியானது. அதாவது, அசல் இயந்திரத்துக்கே மறுபடி உயிர் கொடுக்கலாம்!

இது சட்டப்படி சரியா?

எமுலேட்டர் வேறு, விளையாட்டு வேறு. இயந்திரம் பழசானாலும் விளையாட்டின் பதிப்புரிமை பழசாகிவிடாது. அனுமதியில்லாமல் இணையத்திலிருந்து பதிவிறக்கினால் சிக்கல் வரலாம்.

முறையான வழியும் இருக்கு. 'டார்க்ஸ்டாக்கர்ஸ்' போன்ற சிபிஎஸ்-2 விளையாட்டுகளைச் சேர்த்து 2022இல் கேப்காமே ஒரு தொகுப்பை வெளியிட்டது.

ஏன் இவ்வளவு மெனக்கெட வேண்டும்?

புத்தகம் பழசானாலும் பக்கங்களைப் புரட்டிப் படிக்கலாம். விளையாட்டு அப்படியல்ல. ஓடினால்தான் அது விளையாட்டு. ஓடவில்லை என்றால் வெறும் போர்டுதான்.

உங்களிடம் சிபிஎஸ்-2 போர்டு இருக்கிறதா? பேட்டரி தீரும்வரை காத்திருக்காதீங்க. விவரம் தெரிந்தவரிடம் கொடுத்து முன்கூட்டியே மாற்றிவிடுங்கள். பழைய பேட்டரி கசிந்தால் போர்டையே அரித்துவிடும். அதன் பிறகு எந்தக் குறியீடும் கைகொடுக்காது.