விடியவிடிய ஆடிய கூத்தும் ஒன்றரை மணி நேர இராவணனும்

மட்டக்களப்பில் வெல்லாவெளி இருக்கும் படுவான்கரையில் கூத்து ஒரு இரவில் முடிகிற காரியம் அல்ல. வயல் வேலை ஓய்ந்ததும் கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் சட்டம் கொடுப்பார். யாருக்கு எந்தப் பாத்திரம் என்று அன்றைக்குத் தெரிந்துவிடும். பிறகு மாதக்கணக்கில் இரவுப் பழக்கம், சலங்கை கட்டல், அடுக்குப் பார்த்தல், கடைசியில் அரங்கேற்றம். சுற்றிவரச் சனம் இருக்க, வட்டக்களரியில் விடியும்வரை ஆட்டம். கரப்புடுப்போடு வடமோடிக் கூத்தின் அரசன் சுழன்றாடி வரும் வரவுக்கே நெடுநேரம் போகும்; அவசரம் யாருக்கும் இல்லை.

இந்த நீளத்தில் கத்தரி வைத்தவர் தெல்லிப்பழையில் பிறந்த பேராசிரியர் சு. வித்தியானந்தன். 1956இல் சிங்கள நாடகாசிரியர் எதிரிவீர சரத்சந்திர பழைய நாடகம மரபிலிருந்து ‘மனமே’யை உருவாக்கிச் சிங்கள அரங்கையே திருப்பிவிட்டிருந்தார். தமிழிலும் அது முடியும் என்று வித்தியானந்தன் நம்பினார். பேராதனைப் பல்கலைக்கழக மாணவர்களுக்கு ஆட்டம் பழக்க வந்தாறுமூலையிலிருந்து செல்லையா அண்ணாவியார் போனார். 1962இல் ‘கர்ணன் போர்’, அடுத்த ஆண்டு ‘நொண்டி நாடகம்’ மேடையேறின.

பெரிய பாய்ச்சல் ‘இராவணேசன்’. மட்டக்களப்புக்காரரான சி. மௌனகுரு எழுதி, இராவணனாகவும் ஆடினார். கம்பனின் இராவணன் இங்கே தன் வீழ்ச்சியைத் தானே தேடிக்கொள்ளும் துன்பியல் நாயகன். திரும்பத் திரும்ப வரும் பாட்டுகள் போயின, ஒளியமைப்பு வந்தது, ஆட்டக்காரர் ஒரே திசையைப் பார்த்து ஆடினார்கள். நகரத்துப் படித்தவர்கள் கூத்தைக் கலையாக மதிக்கத் தொடங்கியதில் இதற்குப் பெரும் பங்குண்டு. (அதுவரை நாட்டுக்கூத்து என்றால் முகம் சுளித்தவர்கள் அவர்கள்தான்.) மௌனகுரு பல ஆண்டுகளுக்குப் பிறகு அதே ‘இராவணேச’னைக் கிழக்கில் புதிய தலைமுறையை வைத்து மீண்டும் தயாரித்தார்.

ஆனால் களரியிலிருந்து மேடைக்குப் போனபோது மூன்று பக்கத்துச் சனம் கழன்றுபோனது. கூத்துக்காக ஊர் கூடிப் பழகும் மாதங்களும் போயின. எண்பதுகளுக்குப் பிந்திய போர், ஊர்களிலேயே இரவுக் கூடல்களை அரிதாக்கியது.

அரங்கச் செயற்பாட்டாளர் சி. ஜெயசங்கர் வேறு வழி பிடித்தார். மட்டக்களப்பின் சீலாமுனையில் 2000களின் தொடக்கத்தில் அவர் தொடங்கிய ‘கூத்து மீளுருவாக்கம்’ களரியை விட்டு இறங்கவில்லை. பழைய பிரதியில் பெண்களும் சாதியும் காட்டப்பட்ட விதத்தைக் கூத்தரோடு இருந்து விவாதித்தார்கள். மாற்ற வேண்டியதைக் கூத்தர்களே மாற்றினார்கள். சிறுவர் கூத்தும் உருவானது. மேடைக்குச் செப்பனிடுவதா, ஊரோடு சேர்ந்து மாற்றுவதா என்ற வாதம் மட்டக்களப்பில் எழுத்திலும் பேச்சிலும் காரமாகவே நடந்தது. இரண்டு தரப்பும் கடைசியில் போய் நின்றது அண்ணாவியாரின் மத்தளத்திடம்தான்.