பொம்மைக் கடையில் நின்றவர்

லிஸ் ஸ்மித்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் தொடங்குகிறார்கள்: லண்டன் ஹாம்லீஸ் பொம்மைக் கடையில் விற்பனை வேலையில் நின்றவரை இயக்குநர் மைக் லீ அழைத்தார். 1971இல் ‘ப்ளீக் மொமென்ட்ஸ்’ படம் வந்தபோது அவர் ஐம்பதை நெருங்கியிருந்தார். தேவதைக் கதை மாதிரி. எனக்கு இந்தக் கதைமேல் எரிச்சல் உண்டு.

1921இல் ஸ்கன்தோர்ப்பில் பிறந்து, இரண்டு வயதில் தாயை இழந்து, பாட்டியிடம் வளர்ந்தவர். போர்க்காலத்தில் கடற்படையின் பெண்கள் பிரிவில் இருந்தார். மணமுறிவுக்குப் பின் இரு பிள்ளைகளைத் தனியாக வளர்த்தார். கிடைத்த மாலைகளில்தான் நாடகம்.

1973இல் லீயின் ‘ஹார்ட் லேபர்’ தொலைக்காட்சிப் படத்தில் அவர் திருமதி தார்ன்லி. ஊரார் வீட்டைத் துடைத்துவிட்டு, தன் வீட்டுக்கு வந்தும் ஓயாத பெண். அதிகம் பேச மாட்டாள். பாதிரியாரிடம் அவள் அறிக்கையிடும் பாவம், மனிதர்களைப் போதிய அளவு நேசிக்கவில்லை என்பது. அந்தக் களைப்பை எந்த நடிப்புப் பள்ளியும் கற்றுத்தராது என்று வகுப்பில் சொன்னேன். சொன்ன பிறகு உறுத்தியது. கைநழுவிய இருபது ஆண்டுகளுக்குப் பயிற்சி என்று பெயர் வைக்க நான் யார்?

‘எ பிரைவேட் ஃபங்ஷன்’ (1984) படத்துக்காகச் சிறந்த துணைநடிகைக்கான பாஃப்டா விருது பெற்றார். பிறகு ‘தி ராய்ல் ஃபேமிலி’ தொடரின் பாட்டி. பெரும்பாலும் தாய்கள், பாட்டிகள், விசித்திரமான கிழவிகள். குணச்சித்திர நடிகை என்று நாம் சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். 2016இல், 95 வயதில் இறந்தார். முப்பது வயது லிஸ் ஸ்மித் நடித்த படம் ஒன்றுகூட நமக்கு இல்லை.