பாரமகாலின் சிறு இரயில்

நம் நாட்டு இருப்புப்பாதைகளின் வரலாற்றைக் கூறும் நூல்கள், பெருநகரங்களை இணைத்த அகலப்பாதைகளைப் பற்றியே விரிவாகப் பேசுகின்றன. மாட்டுவண்டியைச் சற்றே முந்திக்கொண்டு நாட்டுப்புறங்களில் ஊர்ந்து சென்ற குறுகிய பாதைகளுக்கும் ஒரு வரலாறு உண்டு. பழைய சேலம் ஜில்லாவின் வடபகுதிக்குப் பாரமகால் என்று பெயர். தருமபுரி, கிருஷ்ணகிரி, திருப்பத்தூர் முதலிய ஊர்கள் அதனுள் அடங்கும். அங்கு அத்தகைய பாதைகள் இரண்டு இருந்தன. அவை எதனால் தோன்றின, எதனால் மறைந்தன என்பதை இங்கு ஆராய்வோம்.

இரு தண்டவாளங்களுக்கும் இடையே உள்ள தூரம் 5½ அடியானால் அது அகலப்பாதை. ஒரு மீட்டரானால் மீட்டர் பாதை. 2½ அடியோ 2 அடியோ ஆனால் குறுகிய பாதை. குறுகிய பாதைக்கு வேண்டிய நிலம் கொஞ்சம், தண்டவாளமும் இலேசானது. குன்று குறுக்கிட்டால் அதைக் குடையாமல், வளைந்து சுற்றிக்கொண்டு போய்விடலாம். ஆகவே செலவு மிகக் குறையும். 1862-ஆம் ஆண்டிலேயே பரோடா சமஸ்தானத்தில் டபோய் என்னும் ஊரிலிருந்து 2½ அடிப் பாதை ஒன்று போடப்பட்டது. அதன் வண்டிகளை முதலில் இழுத்தவை எருதுகளே! பின்னர் 1897-இல், மராட்டிய நாட்டின் பார்சி நகருக்கு எவரார்டு கால்த்ராப் என்னும் பொறியாளர் ஒரு பாதை அமைத்தார். எந்த அச்சின்மீதும் 5 டன்னுக்கு மேல் பாரம் விழாதவாறு எஞ்சினையும் வண்டிகளையும் அமைத்தால், கெஜத்துக்கு 30 இராத்தலே எடையுள்ள தண்டவாளமும் போதும் என்று அவர் செய்து காட்டினார். ஏழை நாட்டுப்புறத்துக்கும் இரயில் எட்டும் என்ற நம்பிக்கை அதனால் வலுப்பெற்றது.

பாரமகாலுக்கு இரயில் வேண்டும் என்ற எண்ணத்துக்குப் பின்னே ஒரு கொடிய நினைவு இருந்தது. 1876 முதல் 1878 வரை தென்னாட்டை வாட்டிய பஞ்சத்தைத் தாது வருடப் பஞ்சம் என்று நம் முன்னோர் அழைத்தனர். அதில் மடிந்தோர் ஐம்பது இலட்சத்துக்கும் மேற்பட்டவர் என்பது வரலாற்றாசிரியர் பலருடைய மதிப்பீடு. மிகக் கடுமையாகத் தாக்குண்ட ஜில்லாக்களுள் சேலமும் ஒன்று. 1871-இல் அதன் மக்கள்தொகை ஏறத்தாழ 19½ இலட்சம். 1881-இல் ஏறத்தாழ 16 இலட்சம். பத்து ஆண்டுகளில் பெருகியிருக்க வேண்டிய தொகை இவ்வளவு குறைந்ததென்றால், எத்தனை வீடுகளில் விளக்கு அணைந்திருக்க வேண்டும்!

இவ்வளவுக்கும் அக்காலத்தில் ஜில்லாவுக்குள் இரயில் இருந்தது. சென்னையிலிருந்து மேற்குக் கடற்கரைக்குச் செல்லும் அகலப்பாதை, 1860-களின் தொடக்கத்திலேயே திருப்பத்தூர், மொரப்பூர் வழியாகச் சேலத்தை அடைந்துவிட்டது. கப்பலில் வந்திறங்கிய தானியத்தை அது உள்நாட்டுக்குக் கொண்டுவந்தது. ஆனால் நிலையத்தில் இறங்கிய மூட்டை இருபது, முப்பது மைலுக்கு அப்பால் உள்ள கிராமத்துக்குப் போவது எவ்வாறு? பஞ்சத்தில் புல்லும் நீருமின்றி வண்டி மாடுகளும் மாண்டன. மாடு இல்லையேல் வண்டி இல்லை. வண்டி இல்லையேல், இரயில் வந்தும் ஊர் பட்டினியே கிடக்கும்.

பஞ்சத்தை விசாரித்த குழு 1880-இல் அறிக்கை அளித்தது. நீர்ப்பாசனத்தையும் இருப்புப்பாதைகளையும் பெருக்க வேண்டும் என்பது அதன் பரிந்துரைகளுள் முக்கியமானது. இலாபத்தை நோக்காமல், பஞ்சத்தில் மக்களைக் காக்கும் பொருட்டே அமைக்கப்பட்ட பாதைகளுக்குக் காப்புப் பாதைகள் என்று பெயர். அவ்வகையில் திருப்பத்தூரிலிருந்து கிருஷ்ணகிரிக்குச் சுமார் 25 மைல் நீளமுள்ள 2½ அடிப் பாதை 1905-இல் திறக்கப்பட்டது. மொரப்பூரிலிருந்து தருமபுரிக்குச் சுமார் 18 மைல் பாதை 1906-இல் திறக்கப்பட்டது. 1913-இல் அது பாலக்கோடு, இராயக்கோட்டை வழியாக ஓசூர் வரை நீண்டது. பாரமகால் சமவெளியிலிருந்து மைசூர்ப் பீடபூமியின் விளிம்பில் உள்ள ஓசூருக்கு ஏற வேண்டுமானால் ஆயிரம் அடிக்கு மேல் உயர வேண்டும். சிறிய பாதையாயினும் அது செய்த வேலை சிறியதன்று.

இரயில் பஞ்சத்தை ஒழித்துவிடும் என்று எண்ணுவது தவறு. அது தானியத்தைக் கொண்டுவரும். அதனை வாங்கக் கையில் காசில்லாதவனுக்குக் காசைக் கொண்டுவராது. விலை அதிகமுள்ள இடத்துக்கு உள்ளூர் விளைச்சலை எடுத்துச் செல்லவும் அதே தண்டவாளம் உதவும். பஞ்சத்தில் கூலி வேலை அற்றுப்போவதே பெருந்துன்பம் என்பதை 1880-ஆம் ஆண்டுக் குழுவும் உணர்ந்திருந்தது. இரயிலும் வேண்டும், கூலியும் வேண்டும்.

இனி, இப்பாதைகள் மறைந்த கதைக்கு வருவோம். குறுகிய பாதையின் சிக்கனமே அதற்குப் பகையாயிற்று. அகலப்பாதை வண்டி அதில் ஓடாது. ஓசூரில் ஏற்றிய மூட்டையை மொரப்பூரில் இறக்கி, வேறு வண்டியில் மறுபடி ஏற்ற வேண்டும். கூலியும் காலமும் வீணாகும். சாக்கு கிழிந்து தானியமும் சிந்தும். 1920-களுக்குப் பிறகு மோட்டார் பஸ்ஸும் லாரியும் கிராமச் சாலைகளில் ஓடத் தொடங்கின. அவை வீட்டு வாசலில் நின்றன. சரக்கை நடுவில் மாற்றும் தொல்லை அவற்றுக்கு இல்லை. இரயிலின் வருவாய் தேய்ந்தது. கிருஷ்ணகிரிப் பாதை 1936-இல் மூடப்பட்டது; மொரப்பூர்–ஓசூர்ப் பாதை 1941-இல் மூடப்பட்டது. அது இரண்டாம் உலகப்போர்க் காலம். இந்தியாவெங்கும் பல கிளைப்பாதைகளின் தண்டவாளங்கள் போர்த் தேவைக்காகப் பெயர்க்கப்பட்ட காலமும் அதுவே.

பார்சிப் பாதையின் கதி வேறு. பண்டரிபுரத்து யாத்திரிகர்களின் கூட்டம் அதற்குத் துணை நின்றது. 1927-இல் அது மிரஜ் வரை நீண்டது, 1954-இல் அரசுடைமையாயிற்று, இந்த நூற்றாண்டில் அகலப்பாதையாக மாற்றப்பட்டு இன்றும் பயன்படுகிறது. பாரமகாலில் தருமபுரியும் ஓசூரும் 1960-களில் அமைந்த சேலம்–பெங்களூர் மீட்டர் பாதையால் மீண்டும் இரயிலைக் கண்டன. மொரப்பூரையும் தருமபுரியையும் மறுபடி இணைக்கும் அகலப்பாதைக்கு 2019-இல் அடிக்கல் நாட்டப்பட்டது. கிருஷ்ணகிரி நகரமோ, 1936-இல் இழந்த இரயிலை இன்னும் திரும்பப் பெறவில்லை.

மாணவர்களே, இவ்வரலாற்றில் ஒன்றைக் கருதிப் பாருங்கள். உயிரைக் காக்க வேண்டும் என்னும் கணக்கில் போடப்பட்ட பாதை, வரவு செலவு என்னும் வேறொரு கணக்கில் மூடப்பட்டது. மூடியவர்கள் கூறிய நஷ்டம் உண்மையே. ஆயினும் குடையை வெயில் நாளில் எடைபோட்டு, வீண்பாரம் என்று எறிந்துவிடலாமா? அணையோ, பள்ளியோ, மருத்துவமனையோ, பொதுப்பணி ஒன்றை மூடுவதா வைப்பதா என்று தீர்மானிக்கும் பொறுப்பு நாளை உங்களிடம் வரும். அது எதற்காகத் தோன்றியது என்று முதலில் கேளுங்கள். அத்தேவை தீர்ந்துவிட்டதா என்று அடுத்துக் கேளுங்கள். வருவாய்க் கணக்கை அதன்பின் புரட்டலாம்.