லைலாவும் கோயம்புத்தூர்த் தாயியும்

1863இல் பாரிஸில் மேடையேறிய ஓர் இசைநாடகத்தின் கதை நம் இலங்கையில்தான் நடக்கிறது. பெயர் 'முத்துக் குளிப்போர்'. இசையமைத்த ஜோர்ஜ் பிசேக்கு அப்போது 24 வயது. இலங்கையை அவர் கண்டதே இல்லை. நாயகி லைலா, நாயகன் நாதிர், இவர்கள் கும்பிடுவதோ பிரம்மாவை! வெல்லாவெளியில் இதைச் சொன்னால் தமிழரும் சிரிப்பர், முஸ்லிம்களும் சிரிப்பர். பாட்டுகள் இனிமைதான், மறுக்கவில்லை. ஆனால் நம் கரையின் ஓசை அதில் ஒரு துளியும் இல்லை. கிழக்கு என்பது அவர்களுக்கு மேடைக்குப் பின்னால் தொங்கும் சீலை மட்டுமே.

ஐம்பது வருடத்தில் நிலைமை மாறியது. 1889 பாரிஸ் கண்காட்சியில் ஜாவா நாட்டு வாத்தியங்களை டெபுசி நேரில் கேட்டு வியந்தார். 1909இல் அல்பேர் ரூசெல் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வந்தார்.

நாங்கள் சொல்ல வந்தது மொரிஸ் டெலாஜ் பற்றி. ராவலின் மாணவர். 1912இல் இந்தியா வந்து, கச்சேரிகளோடு கிராமபோன் இசைத்தட்டுகளையும் காது கொடுத்துக் கேட்டார். அவருடைய 'நான்கு இந்துக் கவிதைகள்' 1914 ஜனவரியில் பாரிஸில் அரங்கேறியது. அதில் 'லாகூர்' பாட்டின் தொடக்கத்தில் செலோ தனியாக, சுரத்துக்குச் சுரம் வழுக்கிப் போகும், நரம்பைச் சுண்டும். சுர்பஹார் மேதை இம்தாத் கானின் இசைத்தட்டைக் கேட்டு எழுதியது அது.

அடுத்தது 'ராகமாலிகா'. கோயம்புத்தூர்த் தாயி என்ற தேவதாசிப் பாடகி இசைத்தட்டில் பாடிய அருட்பாவை டெலாஜ் பெரும்பாலும் அப்படியே எழுதிவிட்டார். தமிழ்ச் சொற்களைக்கூட மாற்றவில்லை. மிருதங்க ஓசை வேண்டுமென்று பியானோவின் ஒரு நரம்புக்கு அடியில் மட்டை அட்டைத் துண்டொன்றை வைக்கச் சொன்னார். பியானோவுக்குள் பொருள் வைத்து வாசிப்பதில் பேரெடுத்த அமெரிக்கர் ஜோன் கேஜ் அதைத் தொடங்கியது கால் நூற்றாண்டு கழித்துத்தான்.

ஆகவே 'ராகமாலிகா'வை டெலாஜின் படைப்பு என்று மட்டும் சொல்வதை நாங்கள் ஏற்கமாட்டோம். மெட்டு தாயி பாடியது, சொல் இராமலிங்க சுவாமிகளுடையது. டெலாஜின் பங்கு கேட்ட காதும் அந்த அட்டையும். அதே வருடங்களில் மெட்ராஸில், தேவதாசிப் பெண்களைப் பாட அழைக்கக்கூடாது என்று பிரசாரம் நடந்துகொண்டிருந்தது. ஊரிலே மேடை சுருங்க, பாரிஸிலே அந்தக் குரலின் வளைவு புது இசையாக எண்ணப்பட்டது.

தாயி 1917இல் மறைந்தார். அவருடைய பழைய தட்டுகளை இப்போது இணையத்தில் கேட்கலாம். முதலில் அவரைக் கேளுங்கள், பிறகு டெலாஜை.