சைவம்: ஒரு சொல், ரெண்டு வாசல் (இழை)

1/
"நான் சுத்த சைவம் டாக்டர், கீரை, பருப்பு எல்லாம் சாப்பிடறேன். எனக்கு எப்படி சத்துக் குறைவு வரும்?" ஓபியில அடிக்கடி கேக்கற கேள்வி. ரெண்டு வரியில பதில் சொல்லிடலாம். ஆனா இந்த "சைவம்"ங்கற சொல்லுக்குப் பின்னாடி 2000 வருஷக் கதை இருக்கு. கதை தெரிஞ்சா பதில் இன்னும் நல்லாப் புரியும். நீளமான இழை, பொறுமையாப் படிங்க.

2/
சைவம்னா சிவனை வழிபடும் சமயம். தமிழ்ல அதுவே கறி, மீன், முட்டை இல்லாத சாப்பாட்டுக்கும் பேர். யாழ்ப்பாணத்துல "சைவக் கடை"ன்னே போர்டு இருக்கும். ஆனா சைவ மரபு ஆழமா வேரூன்றிய காஷ்மீரத்துல பண்டிதர் வீடுகளில் ஆட்டுக்கறி சமைப்பாங்க. சமயமும் சாப்பாடும் எல்லா ஊர்லயும் ஒண்ணா ஒட்டிக்கல.

3/
நம்ம பெரிய புராணத்தையே எடுங்க. கண்ணப்பர் காளத்தி நாதருக்குப் படைச்சது பன்றிக்கறி. அதிபத்தர் நாகப்பட்டினத்து மீனவர். வலையில் விழும் முதல் மீனை சிவனுக்குன்னு கடல்லயே விட்டவர். ரெண்டு பேரும் 63 நாயன்மார்களில் இருக்காங்க.

4/
இன்னும் பின்னாடி, சங்க காலத்துக்குப் போனா? தன்னை அந்தணன்னு சொல்லிக்கற கபிலர், ஊன் சோறு சாப்பிடறதைத் தவிர வேற வேலை தெரியாத கை, அதான் மென்மையா இருக்குன்னு சேர அரசனிடம் பாடுறார். அந்தக் காலத்துப் புலவர் வீட்டு விருந்து அப்படி.

5/
அப்போ புலால் மறுப்பு எங்கிருந்து வலுவா வந்தது? முக்கியமா சமணமும் பௌத்தமும். திருக்குறள்ல "புலால் மறுத்தல்"னு தனி அதிகாரமே இருக்கு. அதுல ஒரு வாதம் இன்னிக்கு வீகன் நண்பர்கள் சொல்ற அதே வாதம்: வாங்கறவன் இல்லேன்னா விக்கறவனும் இருக்க மாட்டான்.

6/
பௌத்தக் காப்பியமான மணிமேகலையில் ஆபுத்திரன் வேள்விக்குக் கட்டி வச்ச பசுவை அவிழ்த்துக் காப்பாத்துவான். அதே ஆபுத்திரன் கையில்தான் பின்னாடி அமுதசுரபி வரும். கொல்லாமையும் பசி தீர்க்கறதும் ஒரே ஆள்கிட்ட. இதை ஞாபகம் வச்சுக்கங்க, திரும்ப வருவோம்.

7/
அந்தச் சமண மரபு அழிஞ்சு போகல. புதுச்சேரிக்குப் பக்கத்துல, செஞ்சி வட்டாரத்துல மேல்சித்தாமூர் மடம் இருக்கு. தமிழ்ச் சமணர்கள் இன்னிக்கும் அங்கே வாழறாங்க. பக்தி இயக்கத்துக்குப் பிறகு சைவ மடங்களும் வேளாளர், பிராமணர் வீடுகளும் இதே ஒழுக்கத்தைத் தங்களுடையதா ஆக்கிக்கிட்டாங்க. பேர் சைவம்னு நிலைச்சது.

8/
ஒழுக்கம் அந்தஸ்தாவும் மாறிச்சு. பந்தியில யார் எங்க உக்காரணும்ங்கறதுல ஆரம்பிச்சு, இன்னிக்கு "சைவம் மட்டும்"னு வீட்டு வாடகை விளம்பரம் வரைக்கும். உயிர் மேல் இரக்கம்னு தொடங்கினது, மனுஷங்களைத் தள்ளி வைக்கற வேலியாவும் ஆச்சு.

9/
சரி, சட்டியில் இருந்தது மாறாம இருந்ததா? இல்ல. மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு எல்லாமே அமெரிக்கக் கண்டத்துச் செடிகள். போர்ச்சுகீசியர் வந்ததுக்கு அப்புறம் வந்தவை. தக்காளி ரசம் நம்ம பாட்டன் பூட்டனுக்கே தெரியும், திருவள்ளுவருக்குத் தெரியாது.

10/
பழைய சமையல் எப்படி இருந்திருக்கும்னு பார்க்கணும்னா திவசச் சமையலைப் பாருங்க. பல வீடுகளில் அன்னிக்கு மிளகாய், தக்காளி, உருளை, கோஸ், கேரட் கிடையாது. மிளகு, சீரகம், வாழைக்காய், சேனை, பாகற்காய், பிரண்டைத் துவையல்தான். புதுசா வந்த காயை வாசல்ல நிறுத்தின சமையல் அது.

11/
நம்ம ஊர் பங்கு என்ன? சின்ன வெங்காயம், பூண்டு, உளுந்து, கடுகு, வெந்தயம், மஞ்சள், கறிவேப்பிலை சேர்த்து விளக்கெண்ணெய் போட்டு உருட்டி வெயில்ல காய வைக்கற வடகம். பிரெஞ்சுக்காரங்க இதை "வடுவான்"னு தங்கள் சமையலுக்கு எடுத்துட்டுப் போனாங்க. உள்ளே இறைச்சியும் இல்ல, பாலும் இல்ல. ஆனா பூண்டும் வெங்காயமும் இருக்கறதால ஆசாரமான வீட்டில் இதுக்கு இடமில்ல!

12/
இப்ப முக்கியமான இடம். புதுச்சேரியிலிருந்து சுமார் 60 கிலோமீட்டர், வடலூர். பார்வதிபுரத்து மக்கள் கொடுத்த நிலத்துல 1867 மே 23 அன்னிக்கு வள்ளலார் சத்திய தருமச்சாலையைத் தொடங்கினார். அன்னிக்கு மூட்டின அடுப்பு இன்னிக்கும் அணையாம எரியுது.

13/
வடலூர்ல ரெண்டு வாசல். 1872ல் கட்டின சத்திய ஞான சபைக்குள்ள போக, கொலையும் புலாலும் விட்டிருக்கணும். ஆனா தருமச்சாலையில சாதி, மதம், ஊர் எதுவும் கேக்கக் கூடாது. புலால் சாப்பிடறவங்களா இருந்தாலும் பசின்னு வந்தா சோறு போடணும்னார். இலையில விழறது சைவச் சாப்பாடு. சாப்பிடறவர் யார்னு விசாரணை இல்ல.

14/
வள்ளலார் 1874ல் மறைஞ்சார். ரெண்டே வருஷத்துல, 1876-78ல் சென்னை மாகாணத்தை உலுக்கின தாது வருஷப் பஞ்சம். அவர் கொல்லாமை பேசும்போதெல்லாம் கூடவே பசியைப் பேசினது ஏன்னு அந்தப் பஞ்சத்தைப் படிச்சா புரியும்.

15/
இங்கிலாந்துல 1944ல் டொனால்ட் வாட்சனும் நண்பர்களும் பால், முட்டையும் வேண்டாம்னு தனியாப் பிரிஞ்சு வந்து "வீகன்"ங்கற சொல்லை உருவாக்கினாங்க. அப்ப பி12 வைட்டமின் யாருக்கும் தெரியாது. அது பிரிச்செடுக்கப்பட்டது 1948ல்தான்.

16/
பி12ஐ உருவாக்கறது நுண்ணுயிர்கள். செடி உருவாக்காது. கீரை, பருப்பு, கம்பு, கேழ்வரகு எதை நம்பியும் பி12 தேவையைச் சமாளிக்க முடியாது. தமிழ் சைவச் சமையல்ல அதைக் கொண்டு வர்றது பாலும் தயிரும். ரத்தம் உருவாகவும் நரம்பு ஒழுங்கா வேலை செய்யவும் அது வேணும். ஒரு நாளைக்கு சுமார் 2 மைக்ரோகிராம்தான், ஆனா கட்டாயம் வேணும்.

17/
இன்னொரு சிக்கல். கீரையில ஃபோலிக் அமிலம் நிறைய. அதனால சிலருக்கு ரத்தசோகை வெளியே தெரியாம, நரம்பு மட்டும் பாதிக்கப்பட்டுட்டே போகும். கால் மரத்துப் போகுது, நாக்கு எரியுது, மறதின்னு வரும்போது "சுகர்தான்"னு நீங்களே முடிவு பண்ணிடாதீங்க.

18/
1962ல் வேலூர் சிஎம்சி மருத்துவர்கள் லான்செட் இதழ்ல ஒரு கட்டுரை எழுதினாங்க. பி12 குறைவான தாய்மார்களின் பாலை மட்டுமே குடிச்ச குழந்தைகள். சிரிப்பு போச்சு, கத்துக்கிட்டது மறந்து போச்சு, விரல் மூட்டெல்லாம் கறுத்துப் போச்சு. பி12 கொடுத்ததும் தேறினாங்க. நம்ம மண்ணுல பதிவான நோய் இது.

19/
அதனாலதான் "சைவம்னா பால் இருக்கே, பயமில்ல"ன்னு நான் சொல்ல மாட்டேன். பால் யாருக்குக் கிடைக்குது? பல வீட்டில் தயிர் வீட்டுக்காரருக்கு, பால் பிள்ளைக்கு. கடைசியா சாப்பிடற அம்மாவுக்கு ரசமும் ஊறுகாயும், டீயில கலந்த ரெண்டு சொட்டுப் பாலும். வீகன்ங்கற சொல்லைக் கேள்விப்படாமலே கிட்டத்தட்ட வீகனா வாழறவங்க அவங்க. இது கொள்கை இல்ல, வறுமையும் பழக்கமும்.

20/
என்ன செய்யணும்?
• சைவமா: நாளைக்கு ரெண்டு டம்ளர் பால் அல்லது கெட்டித் தயிர். நீர்மோர்ல தண்ணிதான் அதிகம்.
• வீகனா: பி12 மாத்திரை கட்டாயம். அளவை உங்க டாக்டர் சொல்லுவார்.
• கர்ப்பிணி, பால் கொடுக்கற அம்மா: சைவம்னு டாக்டர்கிட்ட மறக்காம சொல்லுங்க.
• மெட்ஃபார்மின் ரொம்ப நாளா சாப்பிடறவங்க, 60 தாண்டினவங்க: ஒரு தடவை பி12 பாத்துக்கங்க.
மாத்திரை போட்டா கொள்கை கெடாது. பெரும்பாலும் நுண்ணுயிர்களை வளர்த்து எடுக்கறதுதான். மாத்திரை உறை ஜெலட்டினான்னு மட்டும் கேட்டு வாங்குங்க.

21/
கறி சாப்பிடறவங்க, சாப்பிடாதவங்க ரெண்டு பேருமே என் நோயாளிகள்தான். யாரையும் மாத்த இதை எழுதல. உயிரைக் கொல்லக் கூடாதுன்னு நினைக்கறது பெரிய மனசு. அந்த மனசு வீட்டில் கடைசியா சாப்பிடறவங்க தட்டையும் பாக்கணும். இன்னிக்கு ராத்திரி உங்க வீட்டில் தயிர்ப் பாத்திரம் யார்கிட்ட காலியாகுதுன்னு கவனிங்க.

உங்க வீட்டுப் பெண்களுக்கும் இதை அனுப்புங்க.