டிஎன் 72-இல் பிறந்த லைசென்ஸ்

எந்த லைசென்ஸும் அட்டையாகப் பிறப்பதில்லை. முதலில் அது எல்.எல்.ஆர். என்ற வெறும் காகிதம். ஆயுள் ஆறு மாதம். அதை வாங்கி 30 நாள் கழிந்த பிறகுதான் டெஸ்டுக்குப் போக முடியும். அதுவரை வண்டியின் முன்னும் பின்னும் வெள்ளைப் பலகையில் சிவப்பு 'எல்' தொங்கும், பழகியவர் ஒருவர் பக்கத்தில் இருப்பார்.

2009-இல் திருநெல்வேலியில் அப்படிப் பிறந்த ஒரு லைசென்ஸைப் பின்தொடர்வோம். கற்பனை லைசென்ஸ்தான். ஆனால் அதில் அச்சாகியிருக்கும் ஒவ்வொரு கட்டமும் தமிழ்நாட்டில் வண்டி ஓட்டும் எல்லோருடைய சட்டைப் பையிலும் இருக்கிறது. அதற்கு உரியவர் 1988-இல் பிறந்தவர். பிரேக் இன்ஸ்பெக்டர் முன்னால் கால் ஊன்றாமல் பைக்கில் எட்டுப் போட்டார், காரையும் ஓட்டிக் காட்டினார். லைசென்ஸ் கைக்கு வந்தது. பெயர் சரியாக இருக்கிறதா, போட்டோ பரவாயில்லையா என்று பார்த்துவிட்டுப் பர்ஸில் வைத்தார். நம்மில் முக்கால்வாசிப் பேரின் வாசிப்பு அந்த இடத்தோடு நின்றுவிடுகிறது. எனக்கு அது பெரிய குறையாகப் படுகிறது. அந்தச் சின்ன அட்டையை நாம் படிக்காவிட்டாலும், என்றைக்காவது ஒருநாள் போலீஸோ டாக்டரோ இன்சூரன்ஸ் வக்கீலோ எழுத்து எழுத்தாகப் படிக்கத்தான் போகிறார்கள்.

எண்ணிலிருந்து தொடங்கலாம். மொத்தம் 15 இடங்கள். முதல் இரண்டும் மாநிலம்: டிஎன். அடுத்த இரண்டும் ஆர்.டி.ஓ. அலுவலகம்: 72 என்றால் திருநெல்வேலி, 74 நாகர்கோவில், 59 மதுரை வடக்கு, 43 நீலகிரி. வண்டியின் நம்பர் பிளேட்டில் இருக்கும் அதே எண்தான் இங்கேயும். அதன்பின் நான்கு இலக்கத்தில் ஆண்டு, 2009. கடைசி ஏழும் வரிசை எண். நம்முடைய ஆள் பிழைப்புக்காகச் சென்னை மாதவரத்துக்குக் குடிபெயர்ந்தார், முகவரியை மாற்றினார், புது அட்டையும் வந்தது. எண் மட்டும் டிஎன் 72-ஆகவே இருக்கிறது. அட்டையின் பின்பக்கம் ஒவ்வொரு வண்டி வகைக்கும் நேரே, எந்த அலுவலகம் எந்தத் தேதியில் அனுமதி கொடுத்தது என்றும் போட்டிருக்கும். அதில் முதல் இரண்டு வரிகள் திருநெல்வேலி, மூன்றாவது வரி சென்னை. ஒரு மனிதர் எங்கே ஓட்டப் பழகினார், எங்கே போய்ப் பிழைத்தார் என்பதை அந்த மூன்று வரிகளிலேயே சொல்லிவிடலாம்.

முதல் வரி எம்.சி.டபிள்யூ.ஜி.: கியர் உள்ள இருசக்கர வண்டி. இது இருந்தால் ஸ்கூட்டரும் ஓட்டலாம். 'ஜி'க்கு முன்னால் ஓர் 'ஓ' வந்து எம்.சி.டபிள்யூ.ஓ.ஜி. என்றிருந்தால் கியர் இல்லாத வண்டி மட்டும். அதை வைத்துக்கொண்டு புல்லட்டை எடுத்தால், சட்டத்தின் கண்ணில் அந்த வண்டிக்கு லைசென்ஸே இல்லாதவர். மோட்டார் வாகனச் சட்டத்தின் 2019 திருத்தத்துக்குப் பிறகு அதற்கு 5,000 ரூபாய் அபராதம், முன்பு 500.

இரண்டாவது வரியில் எல்.எம்.வி. இந்த மூன்றெழுத்துக்காக நாடு முழுக்க எத்தனையோ குடும்பங்கள் கோர்ட் படி ஏறியிருக்கின்றன.

எல்.எம்.வி. என்றால் இலகுரக வாகனம். மோட்டார் வாகனச் சட்டம் 1988 இதற்கு வைக்கும் வரம்பு 7,500 கிலோ. காராக இருந்தால் வெற்று வண்டியின் எடை. சரக்கு வண்டி, வேன் என்றால் சுமையோடு சேர்த்து அனுமதிக்கப்பட்ட மொத்த எடை. நம் ஆள் ஓட்டத் தொடங்கியது குட்டி யானை என்கிற சின்னச் சரக்கு வண்டி. அதன் மொத்த எடை இரண்டு டன்னைக்கூட எட்டாது. அளவுப்படி பார்த்தால் சந்தேகத்துக்கு இடமில்லாத எல்.எம்.வி. ஆனால் வாடகைக்குச் சரக்கு ஏற்றுவதால் அது போக்குவரத்து வாகனமும்கூட. அப்படியானால் டிரான்ஸ்போர்ட் என்று தனியாக எழுதி வாங்க வேண்டுமா, வேண்டாமா?

விபத்து நடக்கும்வரை இந்தக் கேள்வி யாருக்கும் தோன்றாது. நடந்துவிட்டால், அடிபட்டவர் இழப்பீடு கேட்டு மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போவார். இன்சூரன்ஸ் கம்பெனியின் வக்கீல் முதலில் கேட்பது லைசென்ஸைத்தான். 'எல்.எம்.வி. மட்டும்தான் இருக்கிறது, டிரான்ஸ்போர்ட் இல்லை, ஆகவே பாலிசியின் நிபந்தனை மீறப்பட்டுவிட்டது' என்பது அவருடைய வாதம். தீர்ப்பாயம் அதை ஏற்றால், கம்பெனி முதலில் பணத்தைக் கட்டட்டும், பிறகு வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று உத்தரவு வருவதும் உண்டு. குட்டி யானையைப் பொறுத்தவரை பெரும்பாலும் உரிமையாளரும் ஓட்டுநரும் ஒரே ஆள். வண்டிக்கே இன்னும் தவணை கட்டிக்கொண்டிருப்பவர் தலையில் அந்த லட்சங்கள் வந்து விழும்.

2017-இல் முகுந்த் தேவாங்கன் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள், 7,500 கிலோவுக்கு மேல் போகாத போக்குவரத்து வண்டிக்கு எல்.எம்.வி. போதும் என்றார்கள். இன்சூரன்ஸ் கம்பெனிகள் விடவில்லை. விவகாரம் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்குப் போனது. 2024 நவம்பர் 6 அன்று அந்த அமர்வும் அதையே உறுதி செய்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி ஹ்ரிஷிகேஷ் ராய். எல்.எம்.வி. லைசென்ஸ்காரர்கள் இத்தகைய வண்டிகளை ஓட்டுவதால்தான் விபத்துகள் பெருகின்றன என்பதற்குத் தரவு எதையும் யாரும் முன்வைக்கவில்லை என்பதையும் நீதிமன்றம் சுட்டிக்காட்டியது. இ-ரிக்‌ஷா, ஆபத்தான சரக்கு ஏற்றும் வண்டி போன்றவற்றுக்கு மட்டும் தனி விதி தொடர்கிறது. ஆட்டோவும் டாக்ஸியும் குட்டி யானையும் ஓட்டிப் பிழைப்பவர்களுக்கு இந்தத் தீர்ப்பு எவ்வளவு பெரிய நிம்மதி என்பதைச் சொல்லி மாளாது. ஆனால் தான் ஓட்டும் வண்டி 7,500-க்குள் வருகிறதா என்பது லைசென்ஸில் இருக்காது. அதை ஆர்.சி.யில்தான் பார்க்க வேண்டும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் பொருள் முழுசாகும்.

நம் ஆள் 2012-இலேயே, அன்றிருந்த நடைமுறைப்படி, மூன்றாவது வரியான டிரான்ஸ்போர்ட் அனுமதியும் வாங்கிவிட்டார். பின்னர் பெரிய லாரிக்கு மாறியபோது அதற்கான வரியும் சேர்ந்தது. இங்கேதான் முன்பக்கத்தில் இருக்கும் இரண்டு தேதிகளைக் கவனிக்க வேண்டும். என்.டி. என்று ஒன்று, டி.ஆர். என்று இன்னொன்று. என்.டி. சொந்த வண்டிக்கு, டி.ஆர். போக்குவரத்து வண்டிக்கு. பழைய சட்டத்தில் சொந்த வண்டி லைசென்ஸ் 20 ஆண்டு அல்லது 50 வயது, எது முந்தியதோ அதுவரை செல்லும். ஆகவே அவருடைய என்.டி. தேதி 2029. டி.ஆர். முன்பு மூன்று ஆண்டுதான், 2019-க்குப் பிறகு ஐந்து. 2012, 2015, 2018, 2021 என்று புதுப்பித்து வந்த அந்தத் தேதி 2026-இல் முடிகிறது. தூரத்தில் இருக்கும் 2029-ஐப் பார்த்துவிட்டு 'இன்னும் நாள் இருக்கிறதே' என்று லாரியை எடுப்பவர்கள் உண்டு. முன்பு தேதி முடிந்தாலும் 30 நாள் சலுகை இருந்தது. 2019 திருத்தம் அதை எடுத்துவிட்டது. மறுநாள் காலை ஸ்டியரிங் பிடித்தால் லைசென்ஸ் இல்லாமல் பிடித்ததாகத்தான் கணக்கு.

2019 அக்டோபர் முதல் நாடு முழுவதற்கும் ஒரே மாதிரியான அட்டை என்று மத்திய அரசு விதி கொண்டுவந்தது. கியூஆர் கோடும் சில புதிய கட்டங்களும் அதோடு வந்தன. ரத்த வகை என்று ஒரு கட்டம். நாம் விண்ணப்பத்தில் எழுதியதுதான் அங்கே அச்சாகும். அதை நம்பி எந்த ஆஸ்பத்திரியும் ரத்தம் ஏற்றுவதில்லை, பரிசோதித்துத்தான் ஏற்றுவார்கள். நெருக்கடியில் உண்மையாகக் கைகொடுப்பது அவசரத் தொடர்பு எண். வீட்டில் யாருடைய எண், அது இன்னும் பயன்பாட்டில் இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். உறுப்பு தானம் என்ற கட்டமும் இருக்கிறது. அதில் 'ஆம்' என்று இருந்தாலும் குடும்பத்தார் சம்மதிக்காமல் தானம் நடப்பதில்லை. அதனால் அட்டையில் எழுதுவதை வீட்டிலும் வாய்விட்டுச் சொல்லி வைப்பது அவசியம்.

பின்பக்கம் இருக்கும் இரண்டு கட்டங்கள் பெரும்பாலோருக்குக் காலியாகவே இருக்கும். ஒன்று ஆபத்தான சரக்குக்கான செல்லுபடித் தேதி. நாமக்கல் பக்கத்துக் கேஸ் டேங்கர் ஓட்டுநரின் அட்டையில் இது நிரம்பியிருக்கும். தனிப் பயிற்சி எடுத்துச் சான்று காட்டினால்தான் கிடைக்கும். முன்பு ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும், இப்போது மூன்று ஆண்டுக்கு ஒருமுறை. மற்றொன்று மலைப்பாதைக்கான அனுமதி. கொண்டை ஊசி வளைவில் எதிரே வருகிறவரின் அட்டையில் அது நிரம்பியிருக்க வேண்டும் என்று நினைக்காதவர் யார்?

இத்தனையும் பிளாஸ்டிக்கில் இருந்தாலும் அசல் பதிவு அங்கே இல்லை. அது 'சாரதி' என்ற கணினித் தரவுதளத்தில் இருக்கிறது. டிஜிலாக்கரிலோ எம்பரிவாஹன் செயலியிலோ காட்டினால் அசலுக்குச் சமம் என்று 2018-இலேயே சொல்லிவிட்டார்கள். போனில் எடுத்து வைத்த போட்டோவுக்கு அந்த மதிப்பு கிடையாது. சிக்னலில் சிவப்பைத் தாண்டுவது, குடித்துவிட்டு ஓட்டுவது, போன் பேசிக்கொண்டே ஓட்டுவது, அளவுக்கு மேல் பாரம் ஏற்றுவது, சரக்கு வண்டியில் ஆள் ஏற்றுவது ஆகியவற்றுக்குக் குறைந்தது மூன்று மாதம் லைசென்ஸை நிறுத்தி வைக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தின் சாலைப் பாதுகாப்புக் குழு 2015-இல் அறிவுறுத்தியது. அப்படி நிறுத்தப்பட்ட காலத்தில் சாரதியில் அந்த எண் முடங்கிக் கிடக்கும். அட்டை பர்ஸில் பளபளவென்று இருந்தாலும் பயனில்லை.

2029-இல் நம் ஆளுக்கு 41 வயது. தேதி முடிவதற்கு ஓராண்டு முன்பே விண்ணப்பிக்கலாம். முடிந்து ஓராண்டு தாண்டிவிட்டால் மறுபடியும் ஓட்டிக் காட்ட வேண்டியிருக்கும். புதிய விதிப்படி அடுத்த தேதி பத்தாண்டு தள்ளி, 2039. அப்போது அவருக்கு 51 என்பதால் அதற்கடுத்தது 60 வயது வரை. பிறகு ஐந்தைந்து ஆண்டாக. அட்டை மாறும், போட்டோவில் முடி நரைக்கும்; முதன்முதலில் வழங்கிய தேதி என்ற கட்டத்தில் மட்டும் 2009 நிற்கும். நாற்பது வயதைக் கடந்துவிட்டதால் சொந்த வண்டிக்கும் இனி 1ஏ படிவத்தில் டாக்டரின் கையெழுத்து வேண்டும். நல்ல பகல் வெளிச்சத்தில், 25 மீட்டர் தூரத்திலிருந்து, ஒரு காரின் நம்பர் பிளேட்டை இவரால் படிக்க முடிகிறதா என்று அந்தப் படிவம் கேட்கிறது.