ஒரு பெட்டியின் ஆட்டம் மற்றொரு பெட்டியில் ஓடுமா?

சென்ற தீபாவளிக்குப் பெரியவர்கள் கொடுத்த பணத்தையெல்லாம் சேர்த்து, என் அக்காள் மகன் வீடியோ விளையாட்டுத் தட்டு ஒன்றை வாங்கி வந்தான். பழைய பொருள்கள் விற்கும் கடையில் வாங்கியது. ஒன்பதாம் வகுப்பு மாணவன் என்றாலும் விலை பேசத் தெரிந்தவன். கீறல் உண்டா என்று வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தே வாங்கியிருக்கிறான். ஆனால் வீட்டிலுள்ள அவனது புதிய விளையாட்டுப் பெட்டியில் தட்டைச் செருகுவதற்கு வாயே இல்லை! ஆட்டங்களை இணையத்தின் வழியாக மட்டுமே பெற்றுக்கொள்ளும் வகைப் பெட்டி அது. கடைக்காரரோ விற்ற பொருளைத் திருப்பி எடுக்க மறுத்துவிட்டார்.

"மாமா, தட்டிலும் பெட்டியிலும் ஒரே கம்பெனியின் பெயர்தானே இருக்கிறது? பிறகு ஏன் ஓடாது?" என்று கேட்டான்.

கல்லூரியில் இயற்பியல் கற்பிக்கும் எனக்கு இக்கேள்விக்கு ஒரே வரியில் விடை கூற இயலவில்லை. அரை நூற்றாண்டு வரலாறு அதற்குள் அடங்கியிருக்கிறது. அதைச் சற்று விரிவாகக் காண்போம்.

இசைத்தட்டும் விளையாட்டுத் தட்டும்

நம் தாத்தா காலத்து இசைத்தட்டை எந்தக் கம்பெனியின் கிராமபோனில் வைத்தாலும் பாடியது. அத்தட்டின் பள்ளத்தில் பதிந்திருப்பது ஒலி அலையின் வடிவம். முள் அதன்மேல் ஓடினால் போதும், ஒலி பிறந்துவிடும். ஆயினும் அங்கும் ஒரு நிபந்தனை இருந்தது. 1948இல் நிமிடத்திற்கு 33⅓ முறை சுழலும் நெடுந்தட்டு வந்தது. அதை 78 முறை சுழலும் பழைய கருவியில் வைத்தால் பாடகரின் குரல் கீச்சுக் குரலாகிவிடும். பொருத்தம் பார்த்து வாங்குவது அன்றே தொடங்கிவிட்டது எனலாம்.

விளையாட்டுத் தட்டின் நிலை இதனினும் சிக்கலானது. அதில் பதிந்திருப்பவை வெறும் படங்களோ ஒலிகளோ அல்ல, ஆணைகள். "இந்த எண்ணை எடு, அந்த எண்ணோடு கூட்டு, விடையை இன்ன இடத்தில் வை" என்று ஒரு குறிப்பிட்ட இயந்திரத்திற்கு இடப்பட்ட ஆணைகள். வேறொரு இயந்திரத்திற்கு அந்த மொழியே புரியாது. தமிழ் மட்டுமே அறிந்தவரிடம் ஜப்பானிய மொழியில் எழுதிய சமையல் குறிப்பைக் கொடுத்தாற்போல் அது விழிக்கும்.

முதல் பெட்டி

வீட்டுத் தொலைக்காட்சியோடு இணைத்து ஆடும் முதல் விளையாட்டுப் பெட்டியான ஆடிசி, அமெரிக்காவில் 1972இல் விற்பனைக்கு வந்தது. அதன் மூலவர் ரால்ஃப் பேர் என்னும் பொறியாளர். வெளியிட்டது மேக்னவாக்ஸ் என்னும் தொலைக்காட்சிக் கம்பெனி. அதில் நுண்செயலி கிடையாது. ஆட்டத்தை மாற்றச் செருகும் அட்டைகளிலும் ஆணைகள் கிடையா. அவை பெட்டிக்குள்ளிருக்கும் மின்சுற்றுகளை வெவ்வேறு வகையில் இணைக்கும் கம்பிப் பாதைகளே.

திரையில் தெரிந்தவை சில வெண்புள்ளிகளும் ஒரு கோடுமே. மைதானமும் வீடும் வேண்டுமானால், வண்ணம் தீட்டிய ஒளிபுகும் பிளாஸ்டிக் தாளைத் தொலைக்காட்சியின் முகத்தில் ஒட்டிக்கொள்ள வேண்டும். திரைகள் பல அளவில் இருந்ததால், இத்தாள்களும் இரண்டு அளவுகளில் கொடுக்கப்பட்டன.

இப்பெட்டி எந்தக் கம்பெனியின் தொலைக்காட்சியிலும் இயங்கக்கூடியது. ஆனால் மேக்னவாக்ஸ் விற்பனையாளர்களிடம் மட்டுமே கிடைத்ததால், மேக்னவாக்ஸ் தொலைக்காட்சியில்தான் இயங்கும் என்று மக்களில் பலர் எண்ணிவிட்டனர். அதனால் விற்பனையும் பாதிக்கப்பட்டது. "என் வீட்டுக் கருவிக்குப் பொருந்துமா?" என்ற ஐயம் வீடியோ விளையாட்டின் உடன்பிறப்பு!

ஆணைகள் வந்தன, வேற்றுமையும் வந்தது

1976இல் ஃபேர்சைல்டு கம்பெனி 'சேனல் எஃப்' என்னும் பெட்டியை வெளியிட்டது. ஜெர்ரி லாசன் என்னும் பொறியாளர் அக்குழுவின் தலைவர். இப்பெட்டியில் நுண்செயலி இருந்தது. ஆட்டத்தின் ஆணைகள் ஒரு நினைவகச் சில்லில் பதியப்பட்டு, கார்ட்ரிட்ஜ் என்னும் சிறு பேழையில் தனியே விற்கப்பட்டன. நம் ஊரில் பின்னாளில் 'வீடியோ கேம் கேசட்' என்று வழங்கியது இதைத்தான். அடுத்த ஆண்டே அட்டாரி கம்பெனியின் வி.சி.எஸ். வந்து சந்தையைப் பிடித்தது.

அட்டாரிப் பெட்டியின் உள்ளமைப்பு வியப்புக்குரியது. அதன் தற்காலிக நினைவகம் வெறும் 128 பைட். முழுத்திரைப் படத்தை அதில் சேமிக்க இடமில்லை. எனவே தொலைக்காட்சிக் குழாயின் எலெக்ட்ரான் கற்றை திரையில் ஒரு வரியை வரைந்து செல்லும் ஏறத்தாழ 64 மைக்ரோ வினாடிக்குள், அவ்வரியில் என்ன தோன்ற வேண்டும் என்று ஆணைத்தொடர் சொல்லியாக வேண்டும். நுண்செயலிக்கு அந்நேரத்தில் கிடைப்பவை 76 துடிப்புகள் மட்டுமே. இத்தனை நுட்பமாக ஒரு பெட்டிக்கென்றே அளந்து தைத்த சட்டை வேறொரு பெட்டிக்கு எவ்வாறு பொருந்தும்?

1982இல் இதே அட்டாரி வெளியிட்ட 5200 என்னும் புதிய பெட்டி, தன் கம்பெனியின் பழைய கார்ட்ரிட்ஜுகளையே ஏற்கவில்லை. அவற்றை ஏற்பதற்கான இணைப்புக் கருவி மறு ஆண்டுதான் வந்தது. ஆனால் போட்டிக் கம்பெனியான கோலிகோ, தன் பெட்டியில் அட்டாரி ஆட்டங்கள் ஓடுவதற்கு 1982லேயே ஓர் இணைப்பை விற்றது. அதன் இரகசியம் எளியது. அட்டாரிப் பெட்டியின் வேலையைச் செய்யும் முழு மின்சுற்றையும் அந்த இணைப்புக்குள்ளேயே அமைத்துவிட்டனர். ஆக, ஒரே பெயர் இருப்பது பொருத்தத்திற்குச் சான்றாகாது. வேறு பெயர் இருப்பது பொருந்தாமைக்கும் சான்றாகாது.

ஐம்பதா, அறுபதா?

ஒரே வகைப் பெட்டி, ஒரே ஆட்டம். எனினும் நாடு மாறினால் வேகம் மாறியது. அமெரிக்காவிலும் ஜப்பானிலும் தொலைக்காட்சிப் படம் 525 வரிகளைக் கொண்டது. வினாடிக்குச் சுமார் 60 முறை திரை வரையப்பட்டது. ஐரோப்பாவின் பெரும்பகுதியிலும் இந்தியாவிலும் 625 வரிகள். வினாடிக்கு 50 முறை.

ஆட்டத்தில் வரும் உருவம், திரை ஒருமுறை வரையப்படும்போது ஓர் அடி நகர்வதாகக் கொள்வோம். அமெரிக்காவில் அது ஒரு நிமிடத்தில் 3,600 அடி நகரும். அதே ஆணைத்தொடர் 50 ஹெர்ட்ஸ் பெட்டியில் ஓடினால், அவ்வளவு தொலைவு செல்ல 72 வினாடி ஆகும். 1991இல் வந்த 'சோனிக் தி ஹெட்ஜ்ஹாக்' ஆட்டத்தில், மின்னலென ஓட வேண்டிய முள்ளெலி ஐரோப்பியச் சிறுவர்களின் வீடுகளில் சற்றுத் தளர்ந்தே ஓடியது. வரிகள் கூடுதலாக இருந்ததால் பல ஆட்டங்களில் திரையின் மேலும் கீழும் கரும்பட்டைகள் விழுந்தன. இன்றைய தட்டையான திரைகள் இரு வேகங்களையும் ஏற்பதால் இத்தொல்லை பெரும்பாலும் ஒழிந்தது. பழைய பெட்டிகளைச் சேகரிப்போர் மட்டும் இன்றும் இதைக் கவனிக்க வேண்டும்.

பூட்டும் சாவியும்

இதுவரை கண்டவை இயற்கையாக எழுந்த தடைகள். மனிதன் வேண்டுமென்றே இட்ட தடைகளும் உண்டு.

1983இல் அமெரிக்க வீடியோ விளையாட்டுச் சந்தை சரிந்தது. ஒன்றோடொன்று பொருந்தாத பல பெட்டிகள், யார் வேண்டுமானாலும் தயாரித்துக் குவித்த தரமற்ற ஆட்டங்கள், மலிவான வீட்டுக் கணிப்பொறிகளின் போட்டி ஆகியவை சேர்ந்து தொழிலை வீழ்த்தின. அட்டாரி தன் சரக்குகளை நியூ மெக்சிகோவில் அலமகோர்டோ நகரக் குப்பைக் குழியில் புதைத்தது. 2014இல் அவ்விடத்தைத் தோண்டியபோது கார்ட்ரிட்ஜுகள் வெளிப்பட்டன.

இந்த வீழ்ச்சிக்குப் பின் 1985இல் ஜப்பானின் நின்டெண்டோ கம்பெனி அமெரிக்காவில் நுழைந்தது. அதன் என்.இ.எஸ். பெட்டிக்குள் ஒரு சிறு சில்லு. ஒவ்வொரு கார்ட்ரிட்ஜுக்குள்ளும் அதற்கு இணையான மற்றொரு சில்லு. இரண்டும் ஒரே எண் வரிசையை உருவாக்கி ஒப்பிட்டுக்கொண்டே இருக்கும். எண்கள் ஒத்துப்போகாவிட்டால் பெட்டி திரும்பத் திரும்பத் தொடக்க நிலைக்கே போய்விடும். அனுமதி பெறாதவர் ஆட்டம் விற்பதைத் தடுக்கும் பூட்டு இது. வட்டாரத்துக்கு வட்டாரம் சாவியும் வேறு. இதே பெட்டியின் ஜப்பானிய முன்னோடியான ஃபேமிகாமில் (1983) இப்பூட்டு இல்லை. அதன் கார்ட்ரிட்ஜில் 60 முனைகள், என்.இ.எஸ். கார்ட்ரிட்ஜில் 72. 1990களில் நம் நாட்டுக் கடைகளில் குவிந்த மலிவான பெட்டிகளில் பல, இந்த ஃபேமிகாமின் நகல்களே.

பூட்டைத் திறப்பது குற்றமா? 1992இல் அமெரிக்க நீதிமன்றங்களில் இரு வழக்குகள் முடிவாயின. அக்கோலேட் என்னும் கம்பெனி, சேகா பெட்டியில் ஓடும் ஆட்டங்களை எழுதுவதற்காக, விலைக்கு வாங்கிய கார்ட்ரிட்ஜுகளின் ஆணைத்தொடரைப் பிரித்து ஆராய்ந்தது. பொருத்தத்திற்குத் தேவையானதை அறிய வேறு வழியில்லாதபோது இவ்வாறு ஆராய்வது நியாயமே என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் கூறியது. மற்றொரு வழக்கில் அட்டாரி கேம்ஸ் கம்பெனி, நின்டெண்டோவின் பூட்டு விவரத்தைப் பதிப்புரிமை அலுவலகத்திலிருந்து பொய் கூறிப் பெற்றிருந்தது. அதை நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆராய்ந்து அறிதல் வேறு, ஏமாற்றிப் பெறுதல் வேறு என்ற பாகுபாடு இவ்வாறு உறுதியாயிற்று.

ஒரு விமானமும் ஒரு பொத்தானும்

கணிப்பொறி உலகில் கதை வேறு விதமாக நடந்தது. ஐ.பி.எம். கம்பெனி 1981இல் வெளியிட்ட தனியாள் கணிப்பொறியைப் பிற கம்பெனிகள் பின்பற்றித் தங்கள் கணிப்பொறிகளைச் செய்தன. அவை உண்மையில் ஐ.பி.எம்.முக்கு இணையானவையா என்று சோதிக்க மக்கள் பயன்படுத்தியவற்றுள் ஒன்று, மைக்ரோசாஃப்ட்டின் விமானம் ஓட்டும் விளையாட்டு! இயந்திரத்தின் ஒவ்வொரு மூலையையும் நேரடியாகத் தொட்டு இயங்கும் அந்த ஆட்டம் ஓடினால், மற்றவையும் ஓடும் என்பது நம்பிக்கை.

முதல் ஐ.பி.எம்.மின் துடிப்பு வினாடிக்கு 47 இலட்சத்து 70 ஆயிரம். அவ்வேகத்தை நம்பியே சில ஆட்டங்கள் எழுதப்பட்டன. வேகமான கணிப்பொறிகள் வந்ததும் அவ்வாட்டங்கள் கண்ணுக்குப் புலப்படாத விரைவில் ஓடி முடிந்தன. எனவே வேகத்தைக் குறைப்பதற்கென்றே கணிப்பொறியின் முகப்பில் ஒரு பொத்தானை வைத்தார்கள். அதற்கு 'டர்போ' என்று வேகத்தின் பெயரையே சூட்டியது வேடிக்கை.

பழையதை மறவாத பெட்டிகள்

2000ஆம் ஆண்டில் சோனி வெளியிட்ட பிளேஸ்டேஷன் 2, முதல் பிளேஸ்டேஷனின் தட்டுகளையும் ஓட்டியது. பழைய பெட்டியின் நுண்செயலியையே வேறொரு பணிக்காக உள்ளே வைத்திருந்ததால் இது கைகூடியது. 2006இல் வந்த மூன்றாம் பெட்டியின் தொடக்க மாதிரிகளில் இரண்டாம் பெட்டியின் சில்லுகள் இருந்தன; செலவைக் குறைப்பதற்காகப் பின்னர் அவை நீக்கப்பட்டன. ஒரே பெயர், ஒரே எண். எனினும் ஒரு மாதிரியில் ஓடிய தட்டு மற்றொன்றில் ஓடவில்லை! 2013இல் வந்த நான்காம் பெட்டியின் நுண்செயலி முற்றிலும் வேறு இனம். ஆகவே மூன்றாம் பெட்டியின் தட்டுகள் அதில் ஓடா. 2020இல் வந்த ஐந்தாவது, நான்காவதன் இனத்தையே சேர்ந்தது. அதனால் நான்காவதன் ஆட்டங்களில் பெரும்பாலானவை அதில் ஓடுகின்றன.

வாங்கிய பின்னும் பொருத்தம் கெடுவதுண்டு. 2019இல் ஆப்பிள் தன் கணிப்பொறி இயக்க முறையில் பழைய 32 பிட் ஆணைத்தொடர்களுக்கான ஆதரவை நிறுத்தியதும், அதற்கு மாறியவர்களின் பழைய ஆட்டங்கள் பல ஓடாமல் நின்றுவிட்டன.

வாங்கும் முன்

இவ்வரலாற்றிலிருந்து மூன்று கேள்விகள் தாமே பிறக்கின்றன. முதலாவது, மொழி: இந்த ஆட்டம் எந்த இயந்திரத்திற்கு எழுதப்பட்டது? உறையில் பெட்டியின் முழுப்பெயரையும் எண்ணையும் பார்க்க வேண்டும். கணிப்பொறியாயின் இயக்க முறை, நுண்செயலி, நினைவகம், வரைகலைச் சில்லு, வட்டில் தேவைப்படும் இடம் ஆகியவற்றைக் 'குறைந்தபட்சத் தேவை' பட்டியலோடு ஒப்பிட வேண்டும். இரண்டாவது, உடல்: ஆட்டம் தட்டா, கார்ட்ரிட்ஜா, இணைய இறக்கமா? நம் பெட்டிக்கு அதை ஏற்கும் வாய் உண்டா? மூன்றாவது, பூட்டு: எந்த வட்டாரத்திற்கு உரியது? இணையக் கணக்கு வேண்டுமா? 2025இல் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச் 2க்கான சில அட்டைகளில் ஆட்டமே இல்லை. இணையத்திலிருந்து இறக்கிக்கொள்ள உரிமை தரும் சாவி மட்டுமே இருக்கிறது. இணைய வசதி குறைந்த ஊரில் இருப்போர் இதை உறையிலேயே படித்தறிந்து கொள்வது நலம்.

என் மருமகனுக்கு இம்மூன்றையும் காகிதத்தில் எழுதிக் காட்டினேன். அவன் தட்டு மொழியில் தேறியது, பூட்டிலும் தேறியது, உடலில்தான் தவறியது. "அப்படியானால் வாயுள்ள பெட்டியில் இது ஓடும் அல்லவா?" என்று கேட்டவன், வகுப்புத் தோழனுக்கு அதை வாங்கிய விலைக்கே கொடுத்துவிட்டான். தோழன் வீட்டுப் பெட்டியின் பெயரையும் எண்ணையும் முன்னதாகவே கேட்டு எழுதிக்கொண்டு போனான் என்பதைக் குறிப்பிட வேண்டும்.